அலன் மெமோரியல் மருத்துவமனை: சிகிச்சைக்குப் போனவர் ஒருவர், உடைந்துபோனது குடும்பம்

ரவி_மொன்றியல்

அமெரிக்க உளவு நிறுவனமான சி.ஐ.ஏ.யின் எம்கே அல்ட்ரா, அதாவது மனித மனதைக் கட்டுப்படுத்த வழி தேடிய ரகசிய ஆய்வுத் திட்டம் பற்றி இங்கே அவ்வப்போது பேச்சு வரும். உளவு, எல்.எஸ்.டி. என்ற மாயத்தோற்ற போதை மருந்து, பனிப்போர் என்று சூடாகப் போகும், அப்படியே அடங்கிவிடும். அந்தச் சோதனைகளுக்கு உள்ளாகி மருத்துவமனைக் கட்டில்களில் கிடந்தவர்களின் கணவன், மனைவி, பிள்ளைகள் பிறகு எப்படி வாழ்ந்தார்கள் என்று யாரும் கேட்டதில்லை. அதில் ஒரு பகுதி, சி.ஐ.ஏ. பணமும் சேர்ந்து, நான் வசிக்கும் நகரத்து மருத்துவமனை ஒன்றில் நடந்தது என்பதால் இதைப் பல வருடமாகத் தேடிப் படித்து வருகிறேன். கொஞ்சம் நீளமாக எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

கனடாவின் மொன்றியலில் மலைச்சரிவில், பைன் அவென்யூவில், கோபுரம் வைத்த பெரிய சாம்பல் நிறக் கல் மாளிகை ஒன்று இருக்கிறது. 19ஆம் நூற்றாண்டில் ஹியூ அலன் என்ற கப்பல் முதலாளி கட்டியது. 1940களில் அது மக்கில் பல்கலைக்கழகத்தோடு இணைந்த மனநல மருத்துவமனையானது. பெயர் அலன் மெமோரியல் இன்ஸ்டிட்யூட். முதல் இயக்குநர் டாக்டர் யூவன் கேமரன். ஸ்கொட்லாந்தில் பிறந்தவர். அமெரிக்க மனநல மருத்துவர் சங்கம், கனடா சங்கம் இரண்டுக்கும் தலைவராக இருந்தவர், உலக சங்கத்துக்கு முதல் தலைவர். அவரிடம் இடம் கிடைத்தால் அதிர்ஷ்டம் என்று குடும்பங்கள் நினைத்த காலம் அது.

அவருடைய கணக்கு இப்படி: மனதில் பதிந்துபோன பழைய பழக்கங்களை முதலில் முற்றாக அழித்துவிட வேண்டும், பிறகு புதிதாக எழுதலாம். அழிப்பதற்காக நோயாளியை மருந்து கொடுத்து நாட்கணக்கில், சிலரை வாரக்கணக்கில் தூங்க வைத்தார்கள். இடையில் எழுப்பி மின் அதிர்ச்சி. வழக்கமான முறையில் ஒரு அமர்வுக்கு ஒரு அதிர்ச்சிதான். இங்கே ஒரே அமர்வில் அடுத்தடுத்துப் பல, அதுவும் ஒரு நாளில் இரண்டு மூன்று தடவை. எங்கே இருக்கிறோம், என்ன கிழமை, பெற்ற பிள்ளை யார் என்பதெல்லாம் போய், சிறுநீர் அடக்கக்கூடத் தெரியாத நிலை வரும்வரை கொடுத்தார்கள். அந்த நிலையை அவர்கள் முன்னேற்றம் என்று குறித்துவைத்தார்கள்.

அப்புறம் எழுதும் கட்டம். நோயாளியின் பேச்சை டேப்பில் பதிந்து, அதிலிருந்து ஒரு வாசகத்தை வெட்டி வளையமாக ஒட்டி, தலையணைக்குள் வைத்த ஸ்பீக்கரிலோ ஹெட்போனிலோ ஓட விடுவார்கள். அதே வாசகம், நாள் முழுக்க, வாரக்கணக்கில். முதலில் ஆளை நொறுக்கும் வாசகம், பிறகு தேற்றும் வாசகம்.

இதற்குப் போனவர்கள் யார் என்று பாருங்கள். பிரசவத்துக்குப் பிறகு மனச்சோர்வு வந்த பெண்கள், படபடப்பு வந்தவர்கள், படிப்பு அழுத்தத்தில் தடுமாறிய கல்லூரி மாணவிகள். முக நரம்பு வலிக்காகப் போன ஒரு தகப்பனும் உண்டு. நடந்து போனவர்கள், சில மாதம் கழித்து நடந்துதான் வீட்டுக்கு வந்தார்கள். அந்த வருகைக்குப் பிறகு நடந்ததைத்தான் நான் பேச விரும்புகிறேன்.

அந்த முகவலித் தகப்பனின் மகள் இன்று நடக்கும் வழக்கில் முன்னால் நிற்பவர். அப்பா போகும்போது அவர் சின்னப் பிள்ளை. மடியில் வைத்துக் கொஞ்சிய மனிதர், திரும்பி வந்தபோது பிள்ளைகளைக் கிட்ட அண்டவிடாத ஆளாக இருந்தார் என்கிறார். இன்னொரு குடும்பத்தில் அம்மா இருட்டில் தனியாக உட்கார்ந்திருப்பார். மகளுக்கு அந்த அம்மாவைத்தான் தெரியும், அதற்கு முந்தைய அம்மாவைத் தெரியாது. மொன்றியல் வணிகர் ஒருவருக்குத் தொழிலே போய்விட்டது. அவர் மகன், அப்பாவுக்கு என்ன ஆயிற்று என்று கண்டுபிடிக்க வேண்டும் என்ற நினைப்போடே வளர்ந்து, தானே மனநல மருத்துவராகி, பிறகு அந்த மருத்துவமனையையும் சி.ஐ.ஏ.யையும் எதிர்த்து எழுதினார்.

இந்தப் பிள்ளைகள் எல்லோருக்கும் பொதுவான ஒன்று, வீட்டில் யாரும் அவர்களுக்கு எதுவும் சொல்லவில்லை என்பதுதான். "அம்மாவுக்கு உடம்பு சரியில்லை" என்ற ஒரு வரியோடு வளர்ந்தார்கள். அம்மாவின் நோய்தான் இப்படி ஆக்கிவிட்டது என்று நம்பினார்கள், சிலர் தங்களால்தான் என்றும் நம்பினார்கள். மருத்துவமனை செய்த கெடுதலுக்கு அம்மாமேல் கோபப்பட்டே பாதி வாழ்க்கை போய்விட்டது.

ஈரோடு_குமார்

ரவி அண்ணா, படித்ததும் கொஞ்ச நேரம் ஒன்றும் ஓடவில்லை. எங்கள் அம்மாவுக்கு 80களில் ஒரு தனியார் ஆஸ்பத்திரியில் ஷாக் கொடுத்தார்கள். நான் அப்போது மூன்றாவதோ நான்காவதோ படித்தேன். வீட்டுக்கு வந்த அன்றைக்கு அம்மா அடுப்படியில் நின்று சர்க்கரை டப்பாவையும் உப்பு டப்பாவையும் மாறி மாறித் திறந்து பார்த்துக்கொண்டிருந்தது இன்னும் கண்ணில் நிற்கிறது. அத்தை என்னை வெளியே இழுத்துக்கொண்டு போய்விட்டார்கள். என் தம்பி பிறந்த சமயத்தைப் பற்றிக் கேட்டால் இன்றைக்கும் அம்மாவுக்கு எதுவும் நினைவில்லை. தம்பி அதை மனதில் வைத்துக்கொண்டு அம்மாவிடம் சரியாகப் பேசுவதே இல்லை. நீங்கள் சொல்லும் மாதிரி ஆராய்ச்சி ஒன்றும் எங்கள் ஊரில் நடக்கவில்லை, தெரியும். ஆனாலும் வீட்டுக்குள் வந்த சேதம் ஒரே மாதிரி இருக்கிறதே என்றுதான் எழுதுகிறேன்.

பழைய_வாசகன்

எழுதியவரின் அக்கறை புரிகிறது. ஆனால் இன்றைய கண்ணால் 1950களைப் பார்ப்பது சரியா என்று யோசிக்க வேண்டும். அந்தக் காலத்தில்தான் மனநோய்க்கு மருந்துகளே வரத் தொடங்கியிருந்தன. மூளையை வெட்டும் லோபாட்டமிக்கு 1949இல் நோபல் பரிசே கொடுத்தார்கள். இன்சுலின் போட்டு மயக்கத்தில் ஆழ்த்தினார்கள். அப்படிப்பட்ட காலத்தில் ஒரு டாக்டர் துணிந்து புது வழி தேடியிருக்கிறார், அது தப்பாகப் போய்விட்டது. அவரை அரக்கன் ஆக்குவது நியாயமாகப் படவில்லை. சி.ஐ.ஏ. பணம் என்று அவருக்கே தெரியுமா என்பதிலும் சந்தேகம் உண்டு.

ரவி_மொன்றியல்

பழைய வாசகன் ஐயா, காலம் அப்படி என்று நீங்கள் சொல்வதில் பாதி உண்மை. மீதிப் பாதிக்குப் பதில் சொல்கிறேன்.

1945இல், போருக்குப் பின் நாஜிகள்மேல் நடந்த நியூரம்பர்க் விசாரணையின்போது, நாஜித் தலைவர்களில் ஒருவரான ருடால்ஃப் ஹெஸ்ஸின் மனநிலையைப் பரிசோதிக்கப் போன மருத்துவர்களில் கேமரனும் ஒருவர். நாஜி மருத்துவர்கள்மேல் வந்த தீர்ப்பில்தான், 1947இல், மனிதர்மேல் சோதனை செய்வதற்கான நியூரம்பர்க் நெறி வந்தது. அதன் முதல் விதியே சோதனைக்கு உட்படுபவரின் சம்மதம். இந்தப் பேச்செல்லாம் எட்டாத கிராமத்து வைத்தியர் இல்லை அவர். தெரிந்தவர். தெரிந்தும், அலனுக்கு வந்தவர்களிடம் இது பரிசோதனை என்று அவர் சொல்லவில்லை. குடும்பத்துக்கும் சொல்லவில்லை.

சி.ஐ.ஏ. விஷயத்தில், பணம் 'மனித சூழலியல் ஆய்வுச் சங்கம்' என்ற முகமூடி அமைப்பு வழியாக 1957இலிருந்து வந்தது, சுமார் 60,000 டாலர். எங்கிருந்து வருகிறது என்று அவருக்குத் தெரியாமல் இருந்திருக்கலாம், அதை நான் வாதாடப் போவதில்லை. ஏனென்றால் கனடா அரசின் சுகாதாரத் துறை கொடுத்த பணம் அதைவிடப் பல மடங்கு. சி.ஐ.ஏ. வருவதற்கு முன்பே இந்த வேலை தொடங்கிவிட்டது. சி.ஐ.ஏ. என்றாலே எல்லோரும் அமெரிக்காவைப் பார்த்துக் கையைக் காட்டுகிறார்கள். நான் வரி கட்டும் அரசாங்கம் அதில் வசதியாக ஒளிந்துகொள்கிறது.

இன்னொன்று. அவர் 1964இல் விலகியதும் அடுத்து வந்த டாக்டர் கிளெக்கோர்ன் இந்தச் சிகிச்சையை நிறுத்திவிட்டார். பழைய நோயாளிகளை ஆராய அதே மருத்துவமனையிலேயே ஒரு ஆய்வு நடந்தது. 1967இல் வெளியான அந்த ஆய்வில், முழு அளவுச் சிகிச்சைக்கு உள்ளானவர்களில் 60 சதவீதம் பேருக்கு, சிகிச்சைக்கு முந்தைய ஆறு மாதத்திலிருந்து பத்து வருடம் வரையான நினைவு திரும்பவே இல்லை என்று இருக்கிறது. பத்து வருடம் என்றால் கல்யாணம், பிரசவம், பிள்ளையின் முதல் நடை எல்லாம் அதற்குள் வந்துவிடும். அதே காலத்து ஆட்களே, அதே கட்டிடத்தில் உட்கார்ந்து, இது கூடாது என்று கண்டார்கள். ஆகவே "அந்தக் காலம்" என்பது முழுப் பதில் ஆகாது ஐயா.

மதுரை_ஸ்டெல்லா

நான் மனநலப் பிரிவில் நர்ஸாக இருந்து ஓய்வு பெற்றவள். இதைப் படிக்கும் யாராவது பயந்துபோய் வீட்டில் இருப்பவருக்கு இ.சி.டி. என்ற மின் அதிர்ச்சிச் சிகிச்சை வேண்டாம் என்று நிறுத்திவிடக் கூடாது, அதனால் சொல்கிறேன். இன்றைக்கு மயக்க மருந்தும் தசை தளர்த்தும் மருந்தும் கொடுத்து, வாரத்துக்கு இரண்டு மூன்று தடவை, மொத்தமாகச் சில தடவைகளோடு முடிப்பது வேறு. சாப்பிடாமல், தண்ணீர்கூடக் குடிக்காமல், சாகத் துணிந்து கிடந்தவர்கள் அதில் எழுந்து உட்கார்ந்ததை நான் நேரில் பார்த்திருக்கிறேன். கேமரன் செய்ததை அதோடு சேர்க்கவே முடியாது. அவர் நோக்கமே நினைவை அழிப்பது. நாங்கள் கொடுக்கும் சிகிச்சையில் நினைவு போனால் அது பக்கவிளைவு, கவலைப்பட வேண்டிய விஷயம்.

குமார் தம்பி, 80களில் நம் ஊரில் பல இடங்களில் மயக்க மருந்து இல்லாமலே கொடுத்தார்கள், மறைத்துப் பயனில்லை. 2017 மனநலப் பராமரிப்புச் சட்டம்தான் அதைத் தெளிவாகத் தடை செய்தது. உங்கள் அம்மாவுக்குத் தம்பி பிறந்த சமயம் நினைவில்லை என்றால், சிகிச்சையை ஒட்டிய மாதங்களின் நினைவு போவது நடக்கக்கூடியதுதான். கடும் மனச்சோர்வே அந்த நினைவைப் பதியவிடாமல் செய்திருக்கவும் வாய்ப்பு உண்டு. இரண்டில் எதுவானாலும் அம்மா உங்கள் தம்பியை வேண்டாம் என்று ஒதுக்கவில்லை. அதை அவரிடம் யாராவது உட்கார்ந்து சொன்னார்களா?

அட்வகேட்_செல்வி

ரவி சார் சட்டப் பக்கத்தைத் தொடவில்லை, நான் சொல்கிறேன். இதில் குடும்பம் எப்படி விட்டுப்போனது என்பது கொடுமையான கதை.

வெல்மா ஆர்லிகோவ் என்ற பெண்மணி 1956இல் பிரசவத்துக்குப் பிந்தைய மனச்சோர்வுக்காக அங்கே போனார். எல்.எஸ்.டி. ஊசி பல முறை போட்டிருக்கிறார்கள். பிறகு ஒரு புத்தகம் படிப்பது, ஒரு கடிதம் எழுதி முடிப்பதுகூட அவருக்குப் பெரும்பாடு. கணவர் டேவிட் ஆர்லிகோவ், பின்னாளில் வின்னிபெக் நகரிலிருந்து கனடா நாடாளுமன்ற உறுப்பினராக இருந்தவர். சி.ஐ.ஏ. தலைவர் 1973இல் எம்கே அல்ட்ரா கோப்புகளை அழிக்கச் சொல்லிவிட்டார். கணக்கு வழக்குத் தாள்கள் மட்டும் வேறு இடத்தில் கிடந்து தப்பித்தன. அவை 1977இல் வெளியே வந்தபோதுதான் மனைவிக்கு நடந்ததன் பின்னணி அந்த எம்.பி.க்கே தெரிந்தது. அவருக்கே இருபது வருடம் என்றால் மற்றவர்கள் நிலையை யோசியுங்கள்.

வெல்மாவும் மற்றவர்களும் அமெரிக்க நீதிமன்றத்தில் 1980இல் வழக்குப் போட்டார்கள். 1988இல் சமரசம், ஒன்பது பேருக்கும் சேர்த்து 7,50,000 டாலர். தப்பு என்று ஒப்புக்கொள்ளவில்லை. கனடா அரசு நியமித்த வழக்கறிஞர் ஒருவர் 1986 அறிக்கையில் அரசுக்குச் சட்டப் பொறுப்பு இல்லை என்று எழுதிவிட்டார். பிறகு 1992இல் கருணைத் தொகை என்று ஒரு திட்டம், ஆளுக்கு ஒரு லட்சம் டாலர். வாங்குபவர் அரசு மீதும் மருத்துவமனை மீதும் வழக்குப் போடமாட்டேன் என்று எழுதிக் கொடுக்க வேண்டும். கிடைத்தது 77 பேருக்கு. இருநூறுக்கும் மேற்பட்ட விண்ணப்பங்கள் தள்ளுபடி.

ஏன் தள்ளுபடி? முழுதாகக் குழந்தை நிலைக்குப் போயிருந்தால்தான் தொகை. கெயில் காஸ்ட்னர் என்ற பெண் 19 வயதில் நர்சிங் மாணவியாக அங்கே சேர்ந்தவர். வெளியே வந்து குழந்தை மாதிரி விரல் சூப்பினார். சொந்த வீட்டிலேயே அவரை வைத்துப் பார்க்க முடியாமல் போயிற்று. அவருக்கும், போதிய அளவு சிதையவில்லை என்று சொல்லி மறுத்தார்கள். 2004இல் கூட்டாட்சி நீதிமன்றம் போய்த்தான் வாங்கினார்.

குடும்பத்துக்கு அந்தத் திட்டத்தில் ஒரு பைசா கிடையாது. சட்டம் பார்ப்பது கட்டிலில் கிடந்த உடம்பை. அந்தக் கட்டிலுக்கு வெளியே வளர்ந்த பிள்ளைக்கு என்ன நஷ்டம், அதை எப்படி நிரூபிப்பது என்று எதிர்த்தரப்பு கேட்கும். என் தொழிலில் தினமும் பார்க்கிறேன், கேட்பது சுலபம், பதில் சொல்வது கஷ்டம்.

சிட்னி_வாசன்

செல்வி மேடம் சொல்வது இங்கேயும் பொருந்தும். சிட்னி புறநகரில் செல்ம்ஸ்ஃபோர்ட் என்ற தனியார் மருத்துவமனையில் டாக்டர் ஹாரி பெய்லி 60களிலும் 70களிலும் ஆழ்ந்த தூக்கச் சிகிச்சை என்று நடத்தினார். மருந்தால் நாட்கணக்கில் மயக்கம், மூக்கில் குழாய், இடையில் மின் அதிர்ச்சி. இருபதுக்கும் மேற்பட்டவர்கள் இறந்துபோனார்கள். 1979இல் நின்றது, அரச விசாரணை ஆணையம் வருவதற்கு 1988 ஆகிவிட்டது. அதற்குள் பெய்லியும் 1985இல் தற்கொலை செய்துகொண்டார். பதில் சொல்ல வேண்டியவர் போய்விட்டார், கேள்வியோடு குடும்பங்கள் மட்டும் மிச்சம். கேமரனும் 1967லேயே இறந்துவிட்டார் இல்லையா? உண்மை வெளியே வரும்போது கேட்பதற்கு ஆள் இல்லை என்பது அந்தப் பிள்ளைகளுக்கு எவ்வளவு ஆற்றாமை.

பழைய_வாசகன்

ரவி, நியூரம்பர்க் விஷயம் எனக்குத் தெரியாது. அந்த இடத்தில் என் வாதம் நிற்காது, சரி. ஆனாலும் ஒரு கேள்வி இருக்கிறது. பிள்ளைகளுக்கும் நஷ்டஈடு என்றால் பேரப் பிள்ளைகளுக்கும் வேண்டும் என்பார்கள். எங்கே கோடு போடுவது? சண்டைக்குக் கேட்கவில்லை.

அட்வகேட்_செல்வி

நல்ல கேள்வி. மொன்றியல் இருக்கும் கியூபெக் மாகாணத்தில் இப்போது நடக்கும் கூட்டு வழக்கு அதைத்தான் முன்வைக்கிறது. 2019இல் தாக்கல் ஆனது. 1948 முதல் 1964 வரை அங்கே இந்தச் சிகிச்சைக்கு உள்ளானவர்கள் மட்டுமல்லாமல், அவர்களின் வாரிசுகள், குடும்பத்தார், அவர்களை நம்பியிருந்தவர்கள் வரை சேர்த்து எழுதியிருக்கிறார்கள். எதிராளிகள் கனடா அரசு, மக்கில், மருத்துவமனைத் தரப்பு. அமெரிக்க அரசை, ஒரு நாட்டு அரசை இன்னொரு நாட்டு நீதிமன்றம் விசாரிக்க முடியாது என்ற இறையாண்மை விலக்கைச் சொல்லி, நீதிமன்றம் விடுவித்துவிட்டது. 2025இல் வழக்கை நடத்த அனுமதி கிடைத்தது. அனுமதிதான், தீர்ப்பு இல்லை. ஆனால் குடும்பத்தைக் கேட்கவே மாட்டோம் என்ற நிலை அங்கே மாறியிருக்கிறது. பேரப் பிள்ளைகள்வரை போகுமா என்றால், அந்தப் பிள்ளையின் வாழ்க்கையில் என்ன நடந்தது என்று சாட்சியத்தோடு காட்டினால் ஏன் போகக் கூடாது? கோடு எங்கே என்று நஷ்டம் செய்தவர் முன்கூட்டியே சொல்லக் கூடாது.

ரவி_மொன்றியல்

பேரப் பிள்ளைகள் என்றதும் ஒன்று. வெல்மாவின் பேத்தி இன்று அறியப்பட்ட ஓவிய, புகைப்படக் கலைஞர். பாட்டிக்கு நடந்ததை வைத்து ஒரு பொம்மை வீடும் சின்ன வெண்கல உருவங்களும் செய்து காட்சிக்கு வைத்தார். சிகிச்சை நடந்தபோது அவர் பிறக்கவே இல்லை. பிறக்காத பிள்ளைவரை அது போயிருக்கிறது என்பதற்கு எனக்கு வேறு சாட்சி தேவைப்படவில்லை.

2017இல் ஒரு மகளுக்கு, அம்மா இறந்து பல வருடம் கழித்து, அரசு ஒரு லட்சம் டாலர் கொடுத்துச் சமரசம் செய்தது. வெளியே பேசக் கூடாது என்ற நிபந்தனையோடு. எனக்கு வயிறு எரிவது அங்கேதான். அந்தப் பிள்ளைகளைச் சிதைத்ததே வீட்டுக்குள் இருந்த மௌனம். அதற்கு ஈடாகக் கொடுத்த பணத்தோடு இன்னொரு மௌனத்தையும் கட்டிக் கொடுத்திருக்கிறார்கள். கனடா அரசு இதுவரை மன்னிப்புக் கேட்கவில்லை. குடும்பங்கள் பணத்துக்கு முன்னால் கேட்பது அதைத்தான்.

எங்கள் தமிழ்ச் சனம் நிறைய வசிக்கும் கோட் டே நேஜ் பகுதி அதே மலையின் மறுபக்கம்தான். ஊரில் போரில் மனம் உடைந்து வந்தவர்கள் எத்தனை பேர் அங்கே இருக்கிறார்கள். டாக்டர் என்ன மருந்து தருகிறார், எதற்குத் தருகிறார் என்று கேட்பதை மரியாதைக் குறைவாக நினைக்கும் பெரியவர்களுக்கு நான் இந்தக் கதையைச் சொல்வதுண்டு. டாக்டரிடம் போகாதீர்கள் என்று சொல்வதற்காக இல்லை. போங்கள், கூடவே ஒரு ஆளைக் கூட்டிக்கொண்டு போய்க் கேள்வி கேளுங்கள் என்று.

ஈரோடு_குமார்

ஸ்டெல்லா சிஸ்டர், நீங்கள் கேட்டதற்குப் பதில்: இல்லை, தம்பியிடம் யாருமே சொன்னதில்லை. அப்பா இருந்தவரை அந்தப் பேச்சையே எடுக்க விடமாட்டார். பொண்ணு பார்க்க வருகிறவர்களுக்குத் தெரிந்துவிடும், மானம் போய்விடும் என்பார். அக்காவுக்குக் கல்யாணம் ஆகி எவ்வளவோ காலம் ஆகியும் அந்தத் தடை மட்டும் அப்படியே நின்றுவிட்டது. பழைய ரெக்கார்டு கேட்டால் ஆஸ்பத்திரியில் கொடுப்பார்களா?

மதுரை_ஸ்டெல்லா

சட்டப்படி அம்மா தன்னுடைய சிகிச்சை விவரத்தைக் கேட்டு வாங்கலாம், 2017 சட்டத்திலேயே அந்த உரிமை இருக்கிறது. ஆனால் 80களின் தாள் இன்னும் இருக்கும் என்று எதிர்பார்க்காதீர்கள், பல இடங்களில் அவ்வளவு காலம் வைப்பதில்லை. வீட்டில் டிஸ்சார்ஜ் சீட்டு, மருந்துச் சீட்டு ஏதாவது கிடக்கிறதா என்று முதலில் தேடுங்கள், பழைய பீரோவில் நகைப்பெட்டிக்கு அடியில்தான் பலர் வைத்திருப்பார்கள். தேடுவதற்கு முன் அம்மாவிடம் கேட்டுவிடுங்கள். இது அவருடைய விஷயம், அவருக்குத் தெரியாமல் பிள்ளைகள் தோண்டினால் திரும்பவும் அவரை ஓரம் கட்டிய மாதிரி ஆகிவிடும். அவர் சரி என்றால் தம்பியையும் கூட வைத்துக்கொண்டு, இப்போது பார்க்கிற டாக்டரிடம் மூன்று பேருமாகப் போய் உட்காருங்கள். நினைவு ஏன் போயிருக்கும் என்று அவர் வாயால் தம்பி கேட்கட்டும்.

ஈரோடு_குமார்

சரி சிஸ்டர். ஞாயிற்றுக்கிழமை தம்பி வருகிறான். அதற்கு முன்னால் அம்மாவிடம் கேட்டுவிடுகிறேன்.